நிறுவல் கலை நூல்களை எந்த அளவுகோலால் மதிப்பிடுவது?

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். தங்கள் நாளிதழின் நூல் மதிப்புரைப் பக்கத்தில் சமகாலக் கலைஞர்களைப் பற்றிய நூல்களுக்கும் அவ்வப்போது இடம் கிடைப்பது மகிழ்ச்சி தருகிறது. நிறுவல் கலைஞர் (ஓர் இடத்தையே பொருள்களாலும் ஒளியாலும் பார்வையாளர் அனுபவிக்கும் படைப்பாக மாற்றுபவர்) ஒருவரைப் பற்றி அண்மையில் அங்கே வெளியான மதிப்புரையையும், அதற்கு மறுவாரம் வாசகர் ஒருவர் எழுதிய எதிர்வினையையும் படித்தேன். மதிப்புரையாளர் தாளின் வழவழப்பையும் படங்களின் துல்லியத்தையும் மனமாரப் பாராட்டிவிட்டு, கட்டுரைகள் கடினமாக இருக்கின்றன என்று ஒரே வரியில் குறை சொல்லி முடித்துவிட்டார். எதிர்வினை எழுதியவரோ, பார்ப்பதற்கு ஒன்றுமே இல்லாத கலைக்கு இத்தனை கனமான நூல் எதற்கு என்று கேட்டிருந்தார். ஒருவர் பாராட்டினார், மற்றவர் ஏசினார் என்றாலும், ஓவியத் தொகுப்பு நூலுக்கு உரிய அளவுகோலைத்தான் இருவரும் கையில் வைத்திருந்தார்கள். அந்த அளவுகோல் இவ்வகை நூல்களுக்குப் பொருந்தாது என்பதைச் சொல்லவே இக்கடிதம்.

ஓவியத்தைப் பற்றிய நூலில் அச்சுப்படம் சற்று மங்கலாக இருந்தால் குடிமுழுகிப் போய்விடாது. மூல ஓவியம் எங்கோ ஒரு சுவரில் தொங்கிக்கொண்டிருக்கும். ஐயம் உள்ளவர் போய்ப் பார்த்துக்கொள்ளலாம். நிறுவல் கலையில் அந்த வசதி பெரும்பாலும் கிடையாது. கண்காட்சி முடிந்த மறுநாளே விளக்குகளைக் கழற்றுகிறார்கள், மணலை அள்ளுகிறார்கள், சுவருக்குச் சுண்ணாம்பு அடிக்கிறார்கள். அதன்பிறகு அந்தப் படைப்பு எங்கே இருக்கிறது என்று கேட்டால், பார்த்தவர்களின் நினைவிலும் ஒரு நூலிலும் இருக்கிறது என்றுதான் சொல்ல வேண்டியிருக்கும். ஆகவே, படம் நன்றாக வந்திருக்கிறதா என்பதைவிட, படைப்பின் எந்தப் பகுதியை இந்நூல் காப்பாற்றி வைத்திருக்கிறது, எதைக் கைநழுவ விட்டிருக்கிறது என்ற கேள்வியே மதிப்புரையாளர் முதலில் கேட்க வேண்டியது.

பிரிட்டனைச் சேர்ந்த ரேச்சல் வைட்ரீட் 1993-ஆம் ஆண்டு கிழக்கு லண்டனில் செய்த ‘ஹவுஸ்’ என்ற படைப்பை எடுத்துக்கொள்வோம். இடிக்கப்பட இருந்த ஒரு பழைய வீட்டின் உட்புறச் சுவர்களில் கான்கிரீட்டைப் பீய்ச்சி அடித்து, அது இறுகிய பிறகு வெளிச்சுவர்களைப் பெயர்த்து எடுத்தார்கள். வீடு போய், வீட்டுக்குள் இருந்த வெற்றிடம் கெட்டியாகி வெளியே நின்றது. கணப்படுப்பின் குழிவுகள் வெளியே புடைத்துக்கொண்டு நின்றன. கதவுகளும் சன்னல்களும் தலைகீழான அச்சாகப் பதிந்திருந்தன. பிரிட்டனின் புகழ்பெற்ற கலைப் பரிசான டர்னர் பரிசு அந்த ஆண்டு வைட்ரீட்டுக்கு அறிவிக்கப்பட்ட அதே நாளில், அதை இடிப்பதென்று உள்ளூராட்சி மன்றம் முடிவெடுத்தது. 1994 சனவரியில் இடித்தும் விட்டார்கள். மொத்தம் மூன்று மாதம்கூட நிற்கவில்லை. மறு ஆண்டு அதைப் பற்றி ஒரு நூல் வெளிவந்தது. இன்று அந்த வீட்டைப் பற்றிப் பேசுகிறவர்களில் மிகப் பெரும்பாலோர் அதை நேரில் பார்த்தவர்கள் அல்லர். அவர்களுக்கு ஒளிப்படங்களும் அந்த நூலும்தான் வீடு. அப்படிப்பட்ட நூலைத் தாளின் தரத்தை வைத்து மதிப்பிடுவது எவ்வளவு போதாது என்பதை நான் விளக்க வேண்டியதில்லை.

இது புதிய நிலைமையும் அன்று. பிரெஞ்சுக் கலைஞர் மார்செல் துஷாம்ப் 1917-இல் நியூயார்க் கண்காட்சி ஒன்றுக்கு, ‘ஆர். மட்’ என்ற பெயரில் கையொப்பமிட்ட பீங்கான் சிறுநீர்க் கலத்தை அனுப்பினார். நுழைவுக் கட்டணம் செலுத்திய எவரது படைப்பையும் ஏற்பதாகச் சொல்லியிருந்த அமைப்பு, அதை மட்டும் காட்சிக்கு வைக்கவில்லை. அந்தப் பீங்கான் பிறகு தொலைந்தும் போயிற்று. ஆல்பிரட் ஸ்டீக்லிட்ஸ் எடுத்த ஒளிப்படம் ஒன்று, அவ்வாண்டு மே மாதம் ‘தி பிளைண்ட் மேன்’ என்ற சிற்றிதழில் ஒரு சிறு கட்டுரையுடன் அச்சேறியது. கண்காட்சியில் சேர்ப்பதற்கான பதிவுச் சீட்டு கலத்தின் மீது தொங்குவதைக்கூட அப்படத்தில் காணலாம். 1964-இல் துஷாம்பின் ஒப்புதலோடு அதன் நகல் படிகள் செய்யப்பட்டபோது இந்த ஒளிப்படமே ஆதாரமாக இருந்தது. இன்று பெரிய அருங்காட்சியகங்களில் கண்ணாடிப் பேழைக்குள் இருப்பவை இந்தப் பிற்காலப் படிகள்தாம். ஒரு நூற்றாண்டாக உலகம் வாதிட்டுக்கொண்டிருக்கும் படைப்பு, ஒரு சிற்றிதழின் சில பக்கங்களில் உயிர் பிழைத்திருக்கிறது.

பொருளைவிட எண்ணத்தையே படைப்பாகக் கொள்ளும் கருத்துருக் கலைக்கு வந்தால் நிலைமை இன்னும் ஒரு படி மேலே போகிறது. அங்கே நூல் படைப்பைப் பற்றியதாக இருப்பதோடு, பல சமயங்களில் நூலே படைப்பாகவும் ஆகிவிடுகிறது. எதிர்வினை எழுதிய வாசகர் இதைக் கொஞ்சம் பொறுமையாகக் கேட்க வேண்டுகிறேன். நியூயார்க்கில் செத் சீகலாப் என்ற அமைப்பாளர் 1968 இறுதியில் ஒரு நூலை வெளியிட்டார். கார்ல் ஆந்த்ரே, ராபர்ட் பேரி, டக்ளஸ் ஹியூப்ளர், ஜோசப் கொசூத், சால் லெவிட், ராபர்ட் மோரிஸ், லாரன்ஸ் வீனர் ஆகிய எழுவருக்கும் ஆளுக்கு 25 பக்கம். அந்தப் பக்கங்களே கண்காட்சி. வேறு அரங்கம் இல்லை. ஜெராக்ஸ் பொறியில் படியெடுப்பதாகத் தொடங்கிய திட்டம் செலவு கட்டுப்படியாகாமல் ஆப்செட் அச்சுக்கு மாறிய பிறகும், ‘ஜெராக்ஸ் புத்தகம்’ என்ற பெயர் மட்டும் அதற்கு நிலைத்துவிட்டது. அடுத்த மாதமே, 1969 சனவரியில், இவர்களுள் நால்வரைக் கொண்டு அவர் நடத்திய கண்காட்சியில் வழக்கமான உறவைத் தலைகீழாக்கினார். அவருடைய கணக்கில் விவரப் பட்டியல்தான் (கண்காட்சிக்கான கேட்டலாக்) முதன்மையானது; அறையில் வைத்திருந்த பொருள்கள் அதற்குத் துணை. ஓவியத்தின் அச்சுப்படம் ஓவியத்துக்கு எப்போதும் ஒரு படி கீழ். ஆனால், சொற்களால் ஆன படைப்பு அச்சில் வந்தால் எதுவும் குறைந்துவிடுவதில்லை என்பது அவருடைய வாதம். அதில் நியாயம் இருக்கிறது.

அதே 1968-இல் லாரன்ஸ் வீனர் ‘ஸ்டேட்மென்ட்ஸ்’ என்ற 64 பக்கச் சிறு நூலை வெளியிட்டார். அதில் ஒரு படம்கூடக் கிடையாது. கடலில் எறியப்பட்ட, நீரில் நிறம் பரப்பும் ஒரு சாயக் குறி. சுவரிலிருந்து 36 அங்குலச் சதுரத்துக்குப் பெயர்த்தெடுக்கப்பட்ட பூச்சு. இப்படிச் சில வரிகள் மட்டும். இவற்றைக் கலைஞரே செய்யலாம், வேறொருவரைக் கொண்டும் செய்யலாம், செய்யாமலேயும் விடலாம் என்பதை அவர் அடுத்த ஆண்டு ஒரு கொள்கையாகவே அறிவித்தார். சுவர்ப் பூச்சைப் பெயர்க்கும் படைப்பு 1969-இல் பெர்ன் நகரக் கண்காட்சியில் உண்மையாகவே நிறைவேற்றப்பட்டது. அதற்கு முன்பு அது ‘வெறும் எழுத்தாக’ இருந்ததா, அப்போதே முழுமையான படைப்பாக இருந்ததா என்ற கேள்வியை வாசகர்முன் வைத்ததே அந்தச் சிறு நூலின் சாதனை. யோகோ ஓனோ 1964-இல் டோக்கியோவில் 500 படிகள் மட்டும் வெளியிட்ட ‘கிரேப்புரூட்’ என்ற, வாசகரைச் செய்யச் சொல்லும் குறிப்புகளால் ஆன நூலையும் இதே வரிசையில் வைக்க வேண்டும். (இந்த நூல்களெல்லாம் எல்லோரும் வாங்கக்கூடிய மலிவான கலையாக இருக்க வேண்டும் என்று கனவு கண்டவர்கள் இருந்தார்கள். இன்று அவற்றின் முதற்பதிப்புகள் சேகரிப்பாளர்களின் பூட்டிய அலமாரிகளுக்குள் போய்விட்டன என்பது வேடிக்கை.)

சால் லெவிட்டின் சுவர்ச் சித்திரங்களையும் இந்த வெளிச்சத்தில்தான் பார்க்க வேண்டும். எண்ணமே கலையை உருவாக்கும் எந்திரம் என்று 1967-இல் எழுதியவர் அவர். அவருடைய சுவர்ச் சித்திரத்தை வாங்குகிறவர் கைக்குச் சுவர் வருவதில்லை; ஒரு சான்றிதழும் வரைபடமும் வருகின்றன. கோடுகளை எங்கிருந்து எங்கே, எந்தக் கருவியால் இழுக்க வேண்டும் என்பதை அதைப் படித்து வேறு கைகள் நிறைவேற்றுகின்றன. நாடகப் பிரதிக்கும் மேடைக்கும் உள்ள உறவு என்று வைத்துக்கொள்ளலாம். அவர் 2007-இல் மறைந்தார். மறு ஆண்டு மாசசூசெட்ஸ் மாநிலத்திலுள்ள மாஸ் மோக்கா அருங்காட்சியகத்தில் அவருடைய 105 சுவர்ச் சித்திரங்கள் பிறர் கைகளால் வரையப்பட்டுத் திறக்கப்பட்டன. லெவிட்டைப் பற்றிய ஒரு நூல் பளபளக்கும் சுவர்களை மட்டும் காட்டிவிட்டு, எந்தக் குறிப்பின்படி அச்சுவர் எழுந்தது என்பதைப் பின்னிணைப்பில்கூடத் தராவிட்டால், அது பாதி நூல் என்றே சொல்வேன்.

நிறுவல் கலையின் ஒளிப்படங்களை நம்புவதிலும் எச்சரிக்கை வேண்டும். ஆள் நடமாட்டம் இல்லாத நேரத்தில், அகல வில்லை பொருத்திய கேமராவால், கூடத்தின் ஒரு மூலையிலிருந்து எடுத்த படம்தான் பெரும்பாலான நூல்களில் இரட்டைப் பக்கத்தை அடைத்துக்கொண்டிருக்கிறது. அந்த இடத்தில் எந்தப் பார்வையாளரும் அப்படி நின்று பார்த்திருக்க மாட்டார். ராபர்ட் ஸ்மித்சன் 1970-இல் யூட்டா மாநிலத்தின் பெரிய உப்பேரியில் கருங்கற்களாலும் மண்ணாலும் அமைத்த, 1,500 அடி நீளமுள்ள ‘ஸ்பைரல் ஜெட்டி’ என்ற சுருள் கரையை நூல்கள் நமக்கு வானத்திலிருந்து காட்டிப் பழக்கிவிட்டன. அதன்மேல் நடப்பவர் கண்ணுக்குச் சுருள் அப்படி ஒரே பார்வையில் அகப்படாது. கல், உப்பு, நீர், திரும்பித் திரும்பிச் செல்லும் பாதை ஆகியவைதாம் அகப்படும். கட்டிய சில ஆண்டுகளிலேயே ஏரி நீர் உயர்ந்து மூடி, ஏறத்தாழ முப்பது ஆண்டுகள் அது பெரும்பாலும் நீருக்கடியில் கிடந்தது. அந்தக் காலம் முழுவதும் கலை மாணவர்களுக்கு அது வான்படமாகவும், ஸ்மித்சன் எடுத்த குறும்படமாகவும், அவர் எழுதிய கட்டுரையாகவும் மட்டுமே இருந்தது.

பெலிக்ஸ் கொன்சாலெஸ்-டோரெஸின் படைப்பொன்றை எடுத்து, படம் எதைச் சொல்லாமல் விடுகிறது என்று இன்னும் நெருங்கிப் பார்க்கலாம். நூலில் நாம் காண்பது, அறையின் மூலையில் பளபளக்கும் வண்ணத்தாள் சுற்றிய மிட்டாய்க் குவியல். அழகான படம்; ஆனால், படைப்பு அதில் இல்லை. அக்குவியலிலிருந்து ஒவ்வொரு பார்வையாளரும் ஒரு மிட்டாயை எடுத்துக்கொள்ளலாம். குவியல் குறையும்; அருங்காட்சியகத்தார் மீண்டும் நிரப்பலாம். 1991-இல் எய்ட்ஸ் நோயால் மறைந்த தம் துணைவர் ராசின் உருவப்படம் என்று கலைஞர் அதற்குத் தலைப்பிலேயே குறிப்புத் தந்தார். அதன் உகந்த எடை 175 பவுண்டு என்றும் வரையறுத்தார். நலமாக இருந்த ஓர் உடலின் எடையாகவும், நோயில் கரைந்துபோன உடலாகவும் அக்குவியலை நாம் உணர வழிசெய்வது அந்த எடைக் குறிப்பும், எடுத்துக்கொள்ளலாம் என்ற அனுமதியும்தான். இரண்டும் படத்தில் தெரியாது. படத்தின் அடிக்குறிப்பில்தான் தெரியும். அடிக்குறிப்பைச் சிக்கனமாக்கி, ‘மிட்டாய்கள், அளவு மாறுபடும்’ என்று முடித்துக்கொள்ளும் நூல், அந்தப் படைப்பை அச்சிடவே இல்லை என்று பொருள்.

ராபர்ட் பேரியின் 1969-ஆம் ஆண்டு மந்த வாயுத் தொடர் இதன் எல்லைக்கோடு. கலிபோர்னியாவின் மொஹாவி பாலைவனத்தில் இரண்டு கன அடி ஹீலியத்தை அவர் காற்றில் திறந்துவிட்டார். நிறமும் மணமும் இல்லாத வாயு. ஒளிப்படத்தில் வெறும் பாலைவனம் தெரிகிறது. கீழே உள்ள வரியைப் படித்த பிறகு அதே பாலைவனத்தை நாம் வேறு விதமாகப் பார்க்கிறோம். அப்படி நம்மைப் பார்க்க வைப்பதுதான் படைப்பு. பார்ப்பதற்கு ஒன்றுமில்லை என்று எழுதிய வாசகர் ஒரு வகையில் பேரியோடு முழுமையாக உடன்படுகிறார் என்று நான் சொன்னால் அவர் கோபிக்க மாட்டார் என்று நம்புகிறேன்.

செயல்முறையைப் பதிவுசெய்யாமல் விடுவதும் சிறிய குறையன்று. 2010-இல் லண்டன் டேட் மாடர்ன் அருங்காட்சியகத்தின் டர்பைன் கூடத்தில் சீனக் கலைஞர் ஐ வெய்வெய் பரப்பிய சூரியகாந்தி விதைகள் சுமார் பத்துக் கோடி. அத்தனையும் பீங்கான், சீனாவின் ஜிங்தேஜென் நகரில் 1,600-க்கும் மேற்பட்ட கைவினைஞர்கள் ஒவ்வொன்றாகக் கையால் தீட்டியவை. கூட்டமாக நடந்ததால் கிளம்பிய பீங்கான் தூசி உடல்நலத்துக்குக் கேடு என்று, திறந்த சில நாட்களிலேயே அவற்றின்மேல் நடப்பது தடுக்கப்பட்டது. ஆகவே முதல் சில நாட்களில் வந்தவர்கள் கண்டதும், பின்னர் கயிற்றுக்கு இப்பால் நின்றவர்கள் கண்டதும் இரு வேறு படைப்புகள். கைவினைஞர்களைப் பற்றியும் தூசியைப் பற்றியும் பேசாமல் சாம்பல் நிறப் பரப்பை மட்டும் காட்டும் பக்கம், எவ்வளவு துல்லியமாக அச்சாகியிருந்தாலும், அந்தக் கூடத்தில் நடந்ததைச் சொல்லாது.

பொருள்கள் மூப்படைவதையும் நூல்கள் பெரும்பாலும் மறைத்துவிடுகின்றன. ஈவா ஹெஸ் 1970-இல் தம் 34-ஆம் வயதில் மறைந்தார். அவர் லேட்டக்ஸ் என்ற ரப்பர் பாலைக் கொண்டு செய்தவை முதலில் ஒளி ஊடுருவும் மெல்லிய தோல்போல இருந்தன. காலப்போக்கில் அவை பழுத்துக் கறுத்து, சில நொறுங்கும் நிலைக்கும் வந்துவிட்டன. படம் எந்த ஆண்டில் எடுக்கப்பட்டது என்று சொல்லாத நூல், இல்லாத ஒன்றை இருப்பதாகக் காட்டுகிறது.

நல்ல முன்மாதிரிகள் இல்லாமல் இல்லை. துஷாம்ப் 1946 முதல் 1966 வரை இருபது ஆண்டுகள் மறைவாகச் செய்துவந்த ‘எத்தாங் தொன்னே’ என்ற கடைசிப் படைப்பு இப்போது பிலடெல்பியா கலை அருங்காட்சியகத்தில் இருக்கிறது; பழைய மரக்கதவின் இரண்டு துளைகள் வழியாக மட்டுமே அதைப் பார்க்க முடியும். அதை எப்படிப் பிரிப்பது, எப்படி மறுபடி கோப்பது என்று படிப்படியாக, ஒளிப்படங்களோடும் கையெழுத்துக் குறிப்புகளோடும் ஒரு கோப்பை அவர் விட்டுச்சென்றார். 1969-இல் படைப்பு அங்கே நிறுவப்பட்டது. 1987-இல் அந்தக் கோப்பையே அருங்காட்சியகம் நூலாக அச்சிட்டது. கதவுக்குப் பின்னால் கம்பிகளும் விளக்குகளும் தாங்குகட்டைகளும் எப்படி ஒட்டுப்போட்டு நிற்கின்றன என்பதை அப்பக்கங்களில் காணும்போது, மயக்கம் கலைவதற்குப் பதிலாகக் கூடுகிறது. நிறுவல் கலை பற்றிய நூல்களில் என்னை இந்த அளவுக்குக் கட்டிப்போட்டது வேறில்லை. அதில் கோட்பாட்டுக் கட்டுரை ஒன்றுகூட அவசியப்படவில்லை.

அதற்கு நேர்மாறானவை அண்மைக் காலத்துப் பெருநூல்கள் பல. படைப்பை விற்கும் கலைக்கூடமே நூலுக்கும் பணம் கொடுத்து, கட்டுரையாளரையும் அமர்த்திக்கொள்கிறது. அக்கட்டுரையில் தத்துவவாதிகளின் பெயர்கள் வரிசையாக வரும். அறையின் அகல நீளம் வராது. எத்தனை விளக்குகள், எவ்வளவு நேரம் எரிந்தன, சத்தம் இருந்ததா, பார்வையாளர்கள் உட்கார்ந்தார்களா நின்றார்களா என்று தேடிக் களைத்துப்போனதுதான் மிச்சம். தங்கள் மதிப்புரையாளர் கட்டுரைகள் கடினமாக இருக்கின்றன என்றார். கடினம் என்பது என் புகார் அன்று. கடின உழைப்போடு படித்த பிறகும் படைப்பைப் பற்றிய தகவல் கிடைக்காததுதான் புகார். கலை விமர்சகர் லூசி லிப்பார்ட் 1973-இல் வெளியிட்ட ‘சிக்ஸ் இயர்ஸ்’ என்ற நூல், 1966 முதல் 1972 வரை நடந்தவற்றை ஆண்டுவாரியாக அடுக்கி, அறிவிப்புகள், உரையாடல்கள், சிறு செய்திகள் என்று ஆவணங்களையே பேசவிட்டது. கண்ணைக் கவரும் நூல் அன்று. ஆனால் அரை நூற்றாண்டுக்குப் பிறகும் அந்தக் காலத்தை ஆராய்பவர்கள் அதைத் தொடாமல் போக முடிவதில்லை. கருத்துருக் கலை சந்தையிலிருந்து தப்பிவிடும் என்ற நம்பிக்கை பெரும்பாலும் பொய்த்தது என்று அதன் பின்னுரையிலேயே எழுதும் நேர்மையும் அவருக்கு இருந்தது.

கண்காட்சிக்கே இடம் கிடைக்காத சூழலில் நூல் எவ்வளவு பெரிய காரியம் செய்யும் என்பதற்குப் பெய்ஜிங்கில் 1994, 1995, 1997 ஆகிய ஆண்டுகளில் கறுப்பு, வெள்ளை, சாம்பல் அட்டைகளோடு வந்த மூன்று நூல்கள் சான்று. ஐ வெய்வெய் நண்பர்களோடு சேர்ந்து பொறுப்பேற்ற அந்த நூல்கள் முறையான வெளியீட்டு அனுமதியின்றிக் கைமாறிக் கைமாறிப் பரவின. வெளிநாட்டுக் கலைஞர்களைப் பற்றிய மொழிபெயர்ப்புகளோடு, உள்நாட்டு இளம் கலைஞர்களின் திட்டங்களும் குறிப்புகளும் அவற்றில் இடம்பெற்றன.

எதையும் பதிவுசெய்யக் கூடாது என்பவர்களும் உண்டு. கலைஞர் டினோ சேகல் தம் படைப்புகளை ஒளிப்படம் எடுக்கவோ, அவற்றுக்கு விவரப் பட்டியல் அச்சிடவோ அனுமதிப்பதில்லை; விற்பனைகூடச் சான்றலுவலர் முன்னிலையில் வாய்மொழியாகவே நடக்கிறது. 2010-இல் நியூயார்க் குகன்ஹைம் அருங்காட்சியகத்தின் சுழல் சரிவில் ஏறியவர்களை முதலில் ஒரு குழந்தை எதிர்கொண்டு, முன்னேற்றம் என்றால் என்ன என்று கேட்டது. பிறகு ஓர் இளைஞர், ஒரு நடுவயதினர், இறுதியில் ஒரு முதியவர் என்று உடன் நடப்பவர் மாறிக்கொண்டே வந்தார்கள். சுவர்களில் ஒன்றுமே மாட்டியிருக்கவில்லை. இதை நான் அறிந்ததும் பார்த்தவர்கள் கவனமாக எழுதிவைத்த விவரணைகள் வழியாகத்தான். படம் தடுக்கப்பட்ட இடத்தில் நாளிதழ்க் கட்டுரையே ஆவணமாகிவிடுகிறது. தங்கள் பக்கத்தில் எழுதுகிறவர்கள் இதை எண்ணிப் பார்ப்பது நல்லது.

ஆசிரியர் அவர்களிடம் என் வேண்டுகோள் பெரியதன்று. இவ்வகை நூல் மதிப்புரைக்கு வரும்போது, அதில் தரைப்படம் (இடத்தின் மேல்நோக்கு வரைபடம்) உண்டா, மனிதர்கள் நடமாடும் படம் ஒன்றாவது உண்டா, படைப்பு எத்தனை நாள் இருந்தது, யார் கைகளால் செய்யப்பட்டது, கலைஞரின் குறிப்புகள் முழுமையாகத் தரப்பட்டுள்ளனவா, நூலுக்குப் பணம் கொடுத்தவர் யார் என்பவற்றை மதிப்புரையாளர் பார்த்துச் சொல்லட்டும். நூலில் உள்ள ஏதேனும் ஒரு படைப்பையாவது, அதற்குள் நுழைந்து வெளியே வரும்வரை என்ன நேரும் என்று ஒரு பத்தியில் விவரித்துக் காட்டட்டும். அது முடியவில்லை என்றால் குறை நூலுடையதா தம்முடையதா என்பதும் அப்போது தெரிந்துவிடும். இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். சென்ற மதிப்புரையுடன் வெளியான நிறுவல் கலைப் படம் இரு பக்கமும் வெட்டப்பட்டிருந்தது. கீழே கலைஞரின் பெயர் மட்டும் இருந்தது. இனிமேல் படத்தின் அளவைக் குறைக்க நேர்ந்தாலும் பாதகமில்லை. தலைப்பு, ஆண்டு, பொருள்கள், அளவு, இடம் ஆகிய விவரங்களுடன் அடிக்குறிப்பை முழுமையாக வெளியிட வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
தங்கள் நாளிதழின் நெடுநாள் வாசகர்